சிம்பாங் பூலாயில் எரிமலை புகைந்த சனிக்கிழமை

1981-ஆம் ஆண்டு, ஆகஸ்டு பள்ளி விடுமுறை நேரம். மலேசியாவில், ஈப்போவுக்குத் தெற்கே, சிம்பாங் பூலாய் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்து லயத்தில், தொழிலாளர் வரிசை வீடுகளில் ஒன்றில், நாங்கள் குடியிருந்தோம். எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. ஈப்போவில் ஒரு தையல் மெஷின் கடையில் டைப்பிஸ்ட் வேலை. அந்த ஆகஸ்டில் ஒரு சனிக்கிழமை, சாயங்காலம் நாலு மணி சுமாருக்கு, எங்கள் தோட்டத்துக்குப் பின்னால் எரிமலை புகைந்தது. பேராக் மாநிலத்தில் ஏதம்மா எரிமலை என்று நீங்கள் கேட்பது எனக்கே காதில் விழுகிறது. கேள்வி நியாயமானதுதான். அந்த எரிமலையை உண்டாக்கியவளே நான்தான்.

பாரம் டூ, அதாவது எட்டாம் வகுப்பு, படிக்கும்போது ஆரம்பித்த வினை இது. நான் ஈப்போவில் கன்னியாஸ்திரிகள் நடத்திய பள்ளிக்கூடத்துக்கு பஸ்ஸில் போய் வந்துகொண்டிருந்தேன். எங்களுக்கு இங்கிலீஷ் எடுத்த சிஸ்டர், வகுப்பில் ஆளுக்கொரு பேனா நண்பர் முகவரி கொடுத்தார். மற்றவர்களுக்கு இங்கிலாந்து, அயர்லாந்து என்று கிடைத்தது. எனக்கு மேற்குச் சமோவா. பசிபிக் கடல் நடுவில் சவாயி என்று ஒரு தீவு. அங்கே என் வயதில் ஒரு பெண். வரைபடத்தில் அந்தத் தீவைத் தேடிக் கண்டுபிடிக்கவே எனக்கு அரை மணி நேரம் ஆனது.

அவளுடைய முதல் கடிதத்தைப் படித்ததும் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அவர்கள் தீவே எரிமலைதானாம். அவளுடைய தாத்தா சின்னப் பிள்ளையாக இருந்தபோது மலை வாய் திறந்து, நெருப்புக் குழம்பு ஊருக்குள் மெதுவாக நடந்து வந்ததாம். ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, ஆறு வருடம். ஜனங்கள் பாயைச் சுருட்டித் தலையில் வைத்துக்கொண்டு வேறு ஊருக்குப் போனார்களாம். மாதாகோயில் வாசல் வழியாகவும் குழம்பு உள்ளே புகுந்து, அங்கேயே உறைந்து கல்லாகிவிட்டதாம். பக்கத்தில் ஒரு கல்லறையை மட்டும் தொடாமல் சுற்றிக்கொண்டு போனதாம். கடைசியில், ‘இரவில் படுக்கையில் இருந்தே மலை சிவப்பாக ஒளிர்வதைப் பார்ப்பேன்’ என்று எழுதியிருந்தாள்.

நான் என்னத்தை எழுதுவது? அம்மா ரப்பர் பால் எடுக்கப் பால்மரம் வெட்டப் போகிறாள், அப்பா ரப்பர் ஷீட்டுக்குப் புகை போடுகிறார், நாங்கள் லயத்தில் ஆறாம் நம்பர் வீட்டில் இருக்கிறோம் என்றா? பதினாலு வயதுக்காரிக்கு அதை எழுதக் கை வரவில்லை. பேனாவைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, தோட்டத்துக்குப் பின்னால் இருந்த சுண்ணாம்புக்கல் மலையில் வழக்கம்போல் நாலு மணி வெடி வெடித்தது. அங்கே கல்லுடைப்பு நடந்தது. தினமும் நாலு மணிக்கு ஒரு வெடி. வீட்டுத் தகரம் எல்லாம் ஒரு ஆட்டம் ஆடும். எனக்குப் பொறி தட்டியது.

‘எங்கள் வீட்டுக்குப் பின்னாலும் ஒரு மலை இருக்கிறது’ என்று எழுதினேன். ‘தினமும் சாயங்காலம் உறுமும். சாம்பல் பறந்து வந்து துவைத்த துணியில் விழும், அம்மா திட்டுவாள். பக்கத்தில் தண்ணீர் தானாகக் கொதித்து வரும் இடம்கூட உண்டு, அதில் முட்டை வேகும். என் அப்பாவின் வேலை நெருப்பைப் பார்த்துக்கொள்வது. காலையும் மாலையும் தெர்மாமீட்டர் வைத்துச் சூடு எவ்வளவு என்று பார்ப்பார்.’

இதில் எது பொய், சொல்லுங்கள் பார்ப்போம். வெடிச் சத்தம் உண்மை. கல்லுடைப்புத் தூசி உண்மை. வெந்நீர் ஊற்றும் உண்மை. ரப்பர் ஷீட்டைக் காயவைக்கும் புகைவீட்டில் அப்பா தெர்மாமீட்டர் பார்ப்பதும் உண்மை. ஒவ்வொரு வரியும் உண்மை, மொத்தமும் பொய். இந்தத் திறமையைப் பரீட்சையில் காட்டியிருந்தால் நான் எங்கேயோ போயிருப்பேன்.

எட்டு வருடம் இப்படியே ஓடியது. வருடத்துக்கு நாலைந்து கடிதம். மலைக்கும் வயது ஏறிக்கொண்டே போனது. ஒரு தடவை நான் அதற்குக் காய்ச்சல்கூட வரவைத்தேன். அவள் படித்துப் பள்ளிக்கூட டீச்சர் ஆனாள். 1981 ஜூலையில் வந்த கடிதத்தைக் கடையில் மேஜையடியில் வைத்துத்தான் பிரித்தேன். பினாங்கில் ஆசிரியர்களுக்கு ஒரு மாதப் பயிற்சியாம், அதற்கு அவளைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்களாம். ஒரு சனிக்கிழமை பஸ் பிடித்து ஈப்போவுக்கு வருகிறாளாம்.

அது மட்டும் என்றால் சமாளித்திருப்பேன். அவள் வகுப்புப் பிள்ளைகள் எரிமலை பார்க்கும் மனிதருக்கு, அதாவது என் அப்பாவுக்கு, கேள்விகள் எழுதிக் கொடுத்திருக்கிறார்களாம். சின்ன நிலநடுக்கம் வந்தாலே சில பிள்ளைகள் அழுகிறார்களாம். மலை மறுபடியும் வாய் திறந்துவிட்டது என்று பயமாம். நெருப்புப் பக்கத்திலேயே தினமும் நிற்கும் ஒருவர் சொன்னால் தைரியம் வரும், டீச்சர் நான் சொன்னால் நம்ப மாட்டேன் என்கிறார்கள் என்று எழுதியிருந்தாள். அன்று நான் டைப் அடித்த கடிதங்கள் எல்லாவற்றிலும் தப்பு.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் மெதுவாகச் சொன்னேன். அம்மா அப்போது கத்திரிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். கத்தி நின்றுவிட்டது.

“எரிமலையா? நம்ம வூட்டுக்குப் பின்னாலயா?”

“ஆமாம்மா.”

“அதுல ஒங்கப்பா வேல செய்யிறாரா?”

“ஆமாம்மா.”

“அடிப் பாவி மவளே! மாதா கோயிலுக்கு ஞாயித்துக்கெழம தவறாமப் போறியே, அங்க என்னாதான் சொல்லிக் குடுத்தாங்க?” என்றவள், சட்டென்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிக்கிறாள் என்று தோள் குலுங்கியதில்தான் தெரிந்தது. ஆனால் அப்பாவுக்குத் தெரியவேண்டாம் என்று இரண்டு பேரும் முடிவெடுத்தோம். அப்பா பொய்யென்றால் முகம் சுருங்கிப் போகிற மனிதர். அதோடு, தான் செய்கிற வேலையை மகள் எட்டு வருடமாக மறைத்திருக்கிறாள் என்று தெரிந்தால் என்ன நினைப்பார் என்ற கவலை என்னை அரித்தது.

லயத்து வீடுகளில் நடுச்சுவர் கூரை வரைக்கும் போகாது. ஒரு வீட்டில் தாளித்தால் அடுத்த வீட்டில் தும்முவார்கள். பக்கத்து வீட்டில் இருந்த லாரி அண்ணே, தோட்டத்துப் பால் லாரி ஓட்டுபவர், எல்லாவற்றையும் கேட்டிருக்கிறார். அடுத்த நிமிடமே வாசலில் நின்றார்.

“தங்கச்சி, இதுக்குப் போயி சுசா படறியா? எரிமலைக்குப் பொகதானே வேணும்? எங்கிட்ட வுடு லா. பழைய டயரு ஆறு கெடக்கு. மலைக்குப் பின்னால வச்சுக் கொளுத்திட்டா, ஈப்போ டவுனுக்கே தெரியும்.”

“அண்ணே, வேணாண்ணே. சும்மா இருங்கண்ணே.”

“நாலு மணி வெடி போட்டதும் பத்த வச்சிர்றேன். சத்தமும் பொகையும் ஒண்ணா வரும். எவனும் கண்டுபிடிக்க முடியாது.”

நான் வேண்டவே வேண்டாம் என்று கையெடுத்துக் கும்பிட்டேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டு போனார். சரி என்றுதான் ஆட்டினார் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

அந்தச் சனிக்கிழமை ஈப்போ பஸ் நிலையத்தில் அவளைக் கண்டுபிடிக்கச் சிரமமே இல்லை. நல்ல உயரம், நல்ல ஆகிருதி, காதோரம் ஒரு செம்பருத்தி. பினாங்கில் எந்த வீட்டு வேலியில் பறித்தாளோ! என்னைப் பார்த்ததும் கூட்டத்துக்கு நடுவில் அப்படியே தூக்கிவிட்டாள். என் செருப்பு ஒன்று கழன்று விழுந்தது. டிக்கெட் கொடுக்கிற சீனர் எழுந்து நின்று வேடிக்கை பார்த்தார். எட்டு வருடக் கூச்சம் அந்த ஒரு தூக்கலில் போய்விட்டது. போகாமல் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும், ஏனென்றால் அவள்மேல் ஆசை கூடக் கூட என் பொய்யும் கனத்தது.

சிம்பாங் பூலாய் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வெள்ளை வெள்ளையாக நின்ற மலைகளையே பார்த்துக்கொண்டு வந்தாள். எங்கள் ஊர்க் கல் எல்லாம் கறுப்பு, உங்கள் ஊரில் ஏன் வெள்ளை என்று கேட்டாள். நான் வெயில் என்று சொல்லி வைத்தேன். வாயில் வந்ததைச் சொல்வது எனக்கு அவ்வளவு பழகிப் போயிருந்தது. அவள் பாவம், யோசனையோடு தலையாட்டினாள்.

வீட்டுக்கு வந்ததும் அம்மாவுக்கு ஒரு ஓலை விசிறி, அப்பாவுக்கு ஒரு கறுப்புக் கல் என்று எடுத்து நீட்டினாள். அவள் ஊரைப் புதைத்த குழம்பில் இருந்து உடைத்த துண்டு. உங்கள் மலைக் கல்லோடு வைத்து ஒப்பிட்டுப் பார்க்கலாம் என்று அப்பாவுக்காகக் கடல் தாண்டிச் சுமந்து வந்திருக்கிறாள். உடம்பெல்லாம் பொத்தல் பொத்தலாக இருந்த அந்தக் கல்லை அம்மா வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, “குதிகால் தேய்க்க நல்லாருக்கும் போல” என்றாள். நான் அதை இங்கிலீஷில், மிகவும் அழகாக இருக்கிறது என்று சொன்னேன்.

அன்று மதியம் கோழிக் குழம்பு, ரசம், அப்பளம். விருந்தாளி மூன்று தடவை சோறு வாங்கினாள். அம்மாவுக்கு அதுவே போதும். சமோவா ராணியே வந்துவிட்டதாக நினைத்து உபசரித்தாள். அப்பா இரண்டு மணிக்குப் புகைவீட்டில் இருந்து வந்து, குளித்து, கிறிஸ்துமஸுக்கு எடுத்த வெள்ளைச் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தார். எதற்கு இந்த அலங்காரம் என்று எனக்குப் புரியவில்லை. காதோடு கேட்டேன். “வெளிநாட்டுல இருந்து ஷீட்டுப் பத்தி வெசாரிக்க வந்திருக்காங்கன்னு லாரிக்காரன் சொன்னானே” என்றார். லாரி அண்ணே தன் பங்குக்கு ஒரு பொய்யைச் சேர்த்திருக்கிறார். எனக்கு அது அப்போது கடவுள் கொடுத்த வரமாகத் தெரிந்தது.

தோழி தன் வகுப்புப் பிள்ளைகளின் கேள்வித் தாளைப் பிரித்தாள். சின்னச் சின்னக் கையெழுத்தில் பன்னிரண்டு கேள்விகள். அவளுக்குத் தமிழ் தெரியாது, அப்பாவுக்கு இங்கிலீஷ் தெரியாது. நடுவில் நான். இரண்டு பக்கமும் ஏமாற்ற இதைவிட வசதி யாருக்குக் கிடைக்கும்?

அந்த நெருப்பு எப்போதாவது தூங்குமா என்பது முதல் கேள்வி. “புகைவீட்டுல நெருப்ப அணைய விடுவீங்களாப்பா?” என்று கேட்டேன்.

“அணைய வுட்டா ஷீட்டுல பூசணம் பூத்துரும். தணிச்சு வைப்போம், அணைக்க மாட்டோம்.”

அது தணியும், ஆனால் அணையாது என்று மொழிபெயர்த்தேன். தோழி பயபக்தியோடு எழுதிக்கொண்டாள்.

சூடு அதிகமாகப் போகிறது என்று எப்படித் தெரியும் என்பது அடுத்தது. அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார். அவரிடம் அவர் வேலையைப் பற்றி யாரும் இப்படிக் கேட்டதில்லை. “தெர்மாமீட்டரு கெடக்கட்டும். மூக்குதான் மொதல்ல சொல்லும். பொகையோட வாசம் மாறுனா உள்ள என்னாமோ நடக்குதுன்னு அர்த்தம். அதுக்குள்ள வெறகை இழுத்துறணும்.” நான் விறகை விட்டுவிட்டு மீதியைச் சொன்னேன். கவனிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்ற கேள்விக்கு, “கொப்புளம் போட்டுரும், உள்ள பூரா காத்துக் குமிழி” என்றார் அப்பா. ஷீட்டில் என்பதை நான் விழுங்கினேன். தோழி உடனே தான் கொண்டுவந்த கல்லை எடுத்து அதன் பொத்தல்களைக் காட்டி, ஆமாம், ஆமாம் என்று குதித்தாள். அப்பாவும் கல்லைப் பார்த்து, “இதேதான்” என்றார். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள். என் கெட்டிக்காரத்தனத்தை நானே மெச்சிக்கொண்டேன்.

எட்டாவதோ ஒன்பதாவதோ கேள்வி. அது ஏழு வயதுச் சிறுமி ஒருத்தி எழுதியது. தரை ஆடும்போது நான் மேஜைக்குக் கீழே போய் அழுவேன், நீங்கள் தினமும் அதன் பக்கத்திலேயே நிற்கிறீர்களே, பயம் வந்தால் என்ன செய்வீர்கள்?

“பயம் வந்தா என்னாப்பா செய்வீங்க?” என்று கேட்டேன்.

அப்பா வெள்ளைச் சட்டையின் கையை மடித்துவிட்டார். முழங்கைக்கு மேலே வழவழவென்று ஒரு பழைய தழும்பு. அது எனக்குத் தெரியும். சின்ன வயதில் சுடுதண்ணீர் கொட்டியது என்று சொல்லியிருந்தார்கள்.

“ஒருவாட்டி பொகைவீடு பத்திக்கிச்சு. ஒனக்கு அப்ப ஒரு வயசு இருக்கும் பாப்பா. பாதிக் கூரை எம்மேலதான் வுழுந்துச்சு. கை ஆறி மறுபடி வேலைக்குப் போனா, கதவு வரைக்கும் போறேன், கால் உள்ள எடுத்து வைக்க வரல. ரெண்டு நாள் திரும்பி வந்துட்டேன். மூணாம் நாளு ஒங்கம்மா பால் வெட்டு முடிஞ்சு நேரா அங்க வந்தா, ஒன்னைய இடுப்புல வச்சுக்கிட்டு. ஒண்ணும் பேசல. கதவுகிட்ட நின்னா. நீ என்னையப் பாத்து கையாட்டுன. நான் உள்ள போயிட்டேன். ஒரு மாசம் அப்படித்தான் வந்து நின்னா. பயம் போவாது பாப்பா. கதவுகிட்ட ஆளு இருந்தா போதும்.”

அம்மா அடுப்படிப் பக்கம் திரும்பிக்கொண்டாள். என் அப்பாவைப் பற்றி எனக்கே தெரியாத ஒன்றை, எங்கேயோ இருக்கும் ஒரு சின்னப் பெண் கேட்டுத்தான் நான் தெரிந்துகொண்டேன். இதையும் எரிமலை ஆக்கவா? தோழி பேனாவை வைத்துக்கொண்டு என் முகத்தையே பார்த்தாள். நான் ஒரேயடியாகக் கொட்டிவிட்டேன். இங்கே எரிமலை இல்லை, ஒருநாளும் இருந்ததில்லை, வெடி கல்லுடைப்பு வெடி, சாம்பல் கல் தூசி, அப்பா ரப்பருக்குப் புகை போடும் தொழிலாளி, அம்மா பால்மரம் வெட்டுபவள், நான் எட்டு வருடப் பொய்க்காரி.

அவள் சிரிக்கவில்லை. தாளை நாலாக மடித்து மடியில் வைத்துக்கொண்டாள். அப்படியானால் அந்தச் சின்னப் பெண்ணுக்கு நான் என்ன சொல்வது என்று மட்டும் மெதுவாகக் கேட்டாள். அதைவிட அவள் என்னைத் திட்டியிருக்கலாம். அவள் அத்தனை தூரத்தில் இருந்து சுமந்து வந்த கறுப்புக் கல் எங்களுக்கு நடுவில் கிடந்தது. எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

அந்த நேரம் பார்த்து, டமார்!

நாலு மணி வெடி. தகரம் ஆடியது. தோழி ஒரு கையால் என்னையும் ஒரு கையால் அம்மாவையும் பிடித்துக்கொண்டாள். வெடிதான், வெடிதான் என்று நான் சொல்லி முடிப்பதற்குள், வெளியே பிள்ளைகள் கூச்சல் போட்டார்கள். ஓடிப் பார்த்தால், வெள்ளை மலைக்குப் பின்னால் இருந்து கன்னங்கரேலென்று புகை எழும்பிக்கொண்டிருந்தது. சாதாரணப் புகை இல்லை. சுருண்டு சுருண்டு, வானத்தில் பாதியை அடைத்துக்கொண்டு வந்தது. லயத்து ஜனம் முழுக்க வெளியே வந்துவிட்டது. தோட்டத்துக் கணக்கு பார்க்கும் கிராணி அரைக்கால் சட்டையோடு மோட்டார் சைக்கிளில் அந்தப் பக்கம் பறந்தார். அவர் பின்னால் இரண்டு நாய்கள்.

தோழி புகையைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மூக்கை உறிஞ்சினாள். டயரா என்று கேட்டாள்.

நான் பதில் சொல்லவேண்டிய தேவையே இல்லாமல் போனது. கால் மணி நேரத்தில் லாரி அண்ணே முகமெல்லாம் கரியாக, பல் மட்டும் வெள்ளையாக, பால்மரத்து நிரைக்குள் இருந்து ஓடி வந்தார். பின்னால் கிராணி துரத்துகிற சத்தம். எங்கள் வாசலைத் தாண்டும்போதும் நிற்காமல், “எப்படித் தங்கச்சி? பொக பத்துமா, இன்னும் ரெண்டு டயரு கெடக்கு!” என்று கேட்டுக்கொண்டே ஓடினார்.

அவர் என்ன சொன்னார் என்று தோழி கேட்டாள். சொன்னேன். அவள் படிக்கட்டில் உட்கார்ந்தாள். தோள் குலுங்க ஆரம்பித்தது, பிறகு முழு உடம்பும் குலுங்கியது, கடைசியில் காதோரப் பூ விழுந்ததுகூடத் தெரியாமல் சிரித்தாள். அம்மா சிரித்தாள். நான் அழுதுகொண்டே சிரித்தேன். எங்கள் லயத்தில் அதற்கு முன்னும் பின்னும் அப்படி ஒரு சிரிப்பை நான் கேட்டதில்லை.

கண்ணைத் துடைத்துக்கொண்டு அவள் என் கையைப் பிடித்தாள். தானும் ஒன்று சொல்லவேண்டும் என்றாள். அவள் தாத்தா பாயைச் சுருட்டிக்கொண்டு போனது உண்மை. கோயிலுக்குள் குழம்பு புகுந்ததும் உண்மை. ஆனால் அந்த மலை தாத்தா காலத்திலேயே தூங்கிவிட்டது. அது புகைந்து அவள் ஒருநாளும் பார்த்ததில்லை. இரவில் சிவப்பாகத் தெரிகிறது என்று எழுதியது, பக்கத்து வீட்டார் தேங்காய் மட்டை எரித்த நெருப்பை. மலேசியாவில் இருப்பவள் பெரிய பட்டணத்துக்காரியாக இருப்பாள், நாமும் ஏதாவது பெரிதாகச் சொல்லவேண்டும் என்று எழுதிவிட்டாளாம். என் அப்பா எரிமலை தெரிந்தவராயிற்றே, இரண்டு கேள்வி திருப்பிக் கேட்டால் மாட்டிக்கொள்வோமே என்று பினாங்கில் இருந்து பஸ்ஸில் வரும்போதெல்லாம் பயந்துகொண்டே வந்தாளாம். அவள் பயத்தை நினைத்தும் நாங்கள் இன்னொரு தடவை சிரித்தோம்.

அப்பா மட்டும் இதையெல்லாம் பார்த்துக்கொண்டு நின்றார். “என்னா பாப்பா நடக்குது?” என்றார். இனி மறைக்க ஒன்றும் இல்லை. சொன்னேன். அவர் கோபப்படவில்லை. முகம் கொஞ்சம் வாடியது, அவ்வளவுதான்.

“பொகைவீடு பாக்கறாருன்னு எழுதியிருந்தா, அந்தப் புள்ள பதில் போடாம இருந்திருக்குமா?”

அப்பா என்ன கேட்டார் என்று தோழி கேட்டாள். ஒரு சொல்லையும் மாற்றாமல் சொன்னேன். அப்பா பேசியதில் அன்றைக்கு நான் சரியாக மொழிபெயர்த்த முதல் வாக்கியம் அது. அவள் எழுந்து நின்று, அந்தப் புகைவீட்டை எனக்குக் காட்டுவாரா என்று கேள் என்றாள்.

அப்பா தொப்பியைத் தேடி எடுத்துக்கொண்டு முன்னால் நடந்தார். புகைவீட்டுக் கதவைத் திறந்து காட்டினார். வரிசை வரிசையாகக் கம்புகளில் தொங்கிய ஷீட்டுகள், தேன் நிறத்தில். சூட்டையும் வாசத்தையும் முகத்தில் வாங்கிக்கொண்டு அவள் வெகுநேரம் நின்றாள். அடுத்து, ரப்பர் பாலைச் சேர்த்து உறையவைக்கும் பால் ஸ்டோருக்குப் போனோம். அங்கே சிமெண்டுத் தரையில், தொட்டியோரம் வழிந்த பால் பல நாளாகத் திரண்டு திரண்டு காய்ந்து கிடந்தது. கயிறு கயிறாகச் சுருண்டு, ஒன்றன்மேல் ஒன்று மடிந்து, பழையது கறுத்துப் போயிருந்தது. தினமும் மிதித்துக்கொண்டு போகிற அழுக்கு. நாங்கள் அதை ஏறிட்டுக்கூடப் பார்த்ததில்லை. அவள் அதைப் பார்த்ததும் முழங்காலில் உட்கார்ந்துவிட்டாள். கையால் தடவினாள். எங்கள் ஊர்த் தரை இப்படித்தான் இருக்கிறது, குழம்பு நடந்து நடந்து ஆறின இடம் அச்சு அசலாக இப்படித்தான் என்றாள். அவள் பொய் சொல்லாத விஷயம் அது என்று முகமே சொன்னது. அப்பா சந்தோஷம் தாங்காமல், அன்று மிச்சம் இருந்த பாலில் ஒரு குவளை எடுத்து, உறைவதற்குக் கொஞ்சம் ஆசிட் கலந்து தரையில் ஊற்றிக் காட்டினார். அது மெதுவாக நகர்ந்து, தயங்கி, ஓரத்தில் சுருக்கம் விழுந்து நின்றது. அவள் தாத்தா பார்த்த காட்சியை அவள் அன்று சிம்பாங் பூலாயில் குனிந்து பார்த்தாள்.

பிறகு ஸ்டோர் திண்டில் உட்கார்ந்து மடித்த தாளைப் பிரித்தாள். முதல் கேள்வியில் இருந்து மறுபடியும் ஆரம்பிப்போம், இவர் புகைவீட்டுக்காரர் என்றே எழுதிக்கொள்கிறேன் என்றாள். பன்னிரண்டு கேள்விக்கும் அப்பா சலிக்காமல் மறுபடி பதில் சொன்னார். விறகைச் சொன்னேன், பூசணத்தைச் சொன்னேன், ஷீட்டைச் சொன்னேன். அந்தச் சின்னப் பெண்ணின் கேள்வி வந்தபோது தழும்பைச் சொன்னேன், கால் உள்ளே போக மறுத்ததைச் சொன்னேன், கதவருகே நின்ற அம்மாவைச் சொன்னேன். தோழி எழுதுவதை நிறுத்திவிட்டுக் கேட்டாள். அப்புறம் குனிந்து நிதானமாக எழுதினாள்.

கிறிஸ்துமஸுக்கு முன்னால் சவாயியில் இருந்து தடித்த உறை ஒன்று வந்தது. பிள்ளைகள் வரைந்த படங்கள். பாதிப் படங்களில் புகைவீட்டுக்கு மலை உச்சி வைத்திருந்தார்கள். எல்லாவற்றிலும் வெள்ளைச் சட்டை போட்ட ஒரு மனிதர். ஒரு படத்தின் கீழே அந்தச் சிறுமி எழுதியிருந்தாள்: இப்போது தரை ஆடினால் என் அம்மா கதவருகே வந்து நிற்கிறாள், நான் மேஜைக்குக் கீழே போவதில்லை. அப்பா அதை என்னை மூன்று தடவை படிக்கச் சொல்லிக் கேட்டார். லாரி அண்ணே தன்னை ஏன் யாரும் வரையவில்லை என்று கோபித்துக்கொண்டார்.

அப்பா இப்போது இல்லை. தோழியும் நானும் தலை நரைத்த பிறகும் எழுதிக்கொண்டுதான் இருக்கிறோம். வாழ்க்கையில் எத்தனையோ ஆயிரம் பக்கம் டைப் அடித்திருக்கிறேன், பாராட்டும் வாங்கியிருக்கிறேன். ஆனால் பால் ஸ்டோர் திண்டில் உட்கார்ந்து, என் அப்பா பேசியதைக் கூட்டாமல் குறைக்காமல் இன்னொருவருக்குச் சொன்ன அந்த ஒரு சாயங்காலத்தைவிடப் பெருமையான காரியம் எதையும் நான் செய்ததில்லை.